விட்டவர்களுக்குக் கேஸ் கிடையாது

மோட்டார்க்காரருக்குக் கூச்சம் என்பதே கிடையாது என்று அந்தத் தெருவில் எல்லாரும் சொல்வார்கள். அவர் காதுபடவே சொல்வார்கள், அவரும் கோபித்துக்கொள்ள மாட்டார். தண்ணீர் மோட்டாரைச் சரிபார்க்கப் போன வீட்டில், "உங்க வீட்டுக் காபி நல்லா இருக்கும்னு பக்கத்து வீட்ல சொன்னாங்க" என்று தானே கேட்டு வாங்கிக் குடிப்பார். வங்கி வரிசையில் நடுவே புகுந்துவிட்டு, பின்னால் நிற்பவரிடமே பேனா இரவல் கேட்பார். கேட்டால், "கூச்சப்பட்டுக்கிட்டு நின்னா மோட்டாருக்குள்ள காயில் தானா சுத்திக்குமா?" என்பார்.

அப்பேர்ப்பட்ட மனிதர்தான் ஒருநாள் புதுச் சட்டை போட்டுக்கொண்டு, நீதிமன்றத்தின் கடைசி பெஞ்சில், தன் கால் கட்டைவிரலைத் தவிர வேறெதையும் பார்க்க முடியாமல் உட்கார்ந்திருந்தார்.

அவருடைய கடை ஒரு நீள அறை. முன்பாதியில் எரிந்துபோன மோட்டார்கள், காயில் சுற்றுகிற செம்புக் கம்பிச் சுருள்கள், வார்னிஷ் நாற்றம். பின்பாதியில் ஒரு மேசை, இரண்டு நாற்காலி, ஒரு நல்ல விசிறி. அந்த விசிறிக்காகவே இரண்டு பெண்களும் அங்கே வந்து படித்தார்கள். ஒருத்தி அவர் மகள். வாயைத் திறந்தால் ஓயாதவள், எதிலும் முந்திக்கொள்பவள். அவளுக்கு அவர் வைத்த பெயர் பட்டாசு. இன்னொருத்தி அவருடைய தங்கையின் மகள். குழம்பில் உப்பு இருக்கிறதா என்று கேட்டால்கூட மூன்று தடவை நக்கிப் பார்த்துவிட்டுத்தான் பதில் சொல்வாள். அவள் நிதானம். தங்கை புருஷனை இழந்தவள். அடுத்த தெருவில் தையல் மெஷின் போட்டுப் பிழைக்கிறாள். மகளைப் படிக்க வைக்க அரசுக் கல்லூரியை விட்டால் அவளுக்கு வேறு வழியில்லை. மோட்டார்க்காரருக்கும் ஏறக்குறைய அதே கதைதான்.

கடைச் சுவரில் அவர் கரித்துண்டால் வயரிங் படம் போட்டுத்தான் வேலை செய்வார். அதைப் பார்த்துப் பார்த்து நிதானம் வளர்ந்தாள். படத்தில் இரண்டு கம்பி ஒன்றையொன்று குறுக்கே வெட்டினால், வெட்டும் இடத்தில் புள்ளி இருந்தால் இரண்டும் சேர்ந்திருக்கிறது என்று அர்த்தம். புள்ளி இல்லாவிட்டால் ஒன்றின் மேல் ஒன்று சும்மா தாண்டிப் போகிறது. இது எல்லாப் புத்தகத்திலும் இருப்பதுதான். பட்டாசும் படித்திருந்தாள். ஆனால் படித்ததற்கும் கண்ணில் படுவதற்கும் தூரம் இருக்கிறதல்லவா?

பொறியியல் நுழைவுத் தேர்வில் ஒரு மின்சுற்றுப் படம் வந்தது. அச்சில் அந்தப் புள்ளி விடுபட்டுப்போயிருந்தது. பட்டாசு படத்தை மேலோட்டமாகப் பார்த்து, ஏதோ கணக்குப் போட்டு, மூன்றாவது விடையைக் குறித்துவிட்டு ஓடினாள். ஒரு கேள்வியை விட்டுவிட்டு வருவது அவளுக்குத் தோல்வி மாதிரி. தவறான விடைக்கு மதிப்பெண் குறைப்பார்கள் என்பது ஞாபகத்துக்கு வரவில்லை. நிதானம் பார்த்தாள், மறுபடி பார்த்தாள், நாலு விடையிலும் சரியானது இல்லை என்று முடிவு செய்து அதைத் தொடாமல் விட்டாள்.

முடிவு வந்தபோது இரண்டு பேருமே மயிரிழையில் வெளியே நின்றார்கள். நிதானம் கொஞ்சம் முன்னால், பட்டாசு கொஞ்சம் பின்னால். அந்த ஒரு கேள்விக்குரிய மதிப்பெண் இருந்திருந்தால் இருவருமே உள்ளே போகிற உயரத்தை எட்டியிருப்பார்கள்.

நிதானம் சுவரில் கரியால் அந்தப் படத்தைப் போட்டுக் காட்டினாள். "இங்க புள்ளி இருந்தா ரெண்டாவது விடை சரி. புள்ளியில்லாம ரெண்டாவதும் தப்பு, மீதி மூணும் தப்பு. அதான் மாமா விட்டுட்டேன்."

மோட்டார்க்காரர் படத்தைப் பார்த்தார். சந்தேகத்துக்கு இடமே இல்லை. மறுநாளே கடையைப் பூட்டிவிட்டு ஒரு வக்கீலம்மாவைத் தேடிப் போனார்.

வக்கீலம்மாவின் அறை ஒரு மருந்துக் கடைக்கு மேலே இருந்தது. கோப்புகளுக்கு நடுவே அவர் முகம் மட்டும் தெரிந்தது. எல்லாவற்றையும் குறுக்கே பேசாமல் கேட்டுவிட்டுச் சொன்னார்.

"முதல்ல தேர்வு வாரியத்துக்கு ஒரு ஆட்சேபம் அனுப்புவோம். அவங்க கண்டுக்க மாட்டாங்க. அப்புறம் கோர்ட்டு. தேர்வையே ரத்து பண்ணச் சொல்லிக் கேக்க வேண்டாம், அது நடக்காது. கேள்வி தப்புன்னு நிரூபிச்சா கோர்ட்டு மூணுல ஒண்ணு செய்யும். கேள்வியையே எடுத்துட்டு மறுபடி மார்க் போடச் சொல்லும். இல்ல, பாதிக்கப்பட்ட எல்லாருக்கும் அந்த மார்க்கைக் கொடுக்கச் சொல்லும். அதுவும் இல்லேன்னா கேட்டு வந்தவங்களுக்கு மட்டும் கொடுக்கச் சொல்லும். பெரும்பாலும் கடைசியில சொன்னதுதான் நடக்கும்."

"கேட்டு வந்தவங்களுக்கு மட்டுமா?"

"ஆமா. எல்லாருக்கும்னு போனா சேர்க்கையே குழம்பிடும்னு வாரியம் அழும். இன்னும் ஒரு சுற்று சேர்க்கை பாக்கி இருக்கு. அதுக்குள்ள மனு போட்டா, தீர்ப்பு வர்ற வரைக்கும் ஒரு மனுவுக்கு ஒரு இடத்தை நிரப்பாம வைக்கச் சொல்லிக் கேக்கலாம்." வக்கீலம்மா பேனாவை மூடினார். "இதே மாதிரி பாதிக்கப்பட்டவங்க வேற யாராவது தெரியுமா? ரெண்டு மூணு பேரா வந்தா கேஸ் பலமா நிக்கும்."

மோட்டார்க்காரர் வாயில் நிதானத்தின் பெயர் வந்துவிட்டது. நுனிநாக்கில் நின்றது. அதற்குள் தலைக்குள் ஒரு கணக்கு ஓடியது. ஒரு இடம். இருவருக்கும் மதிப்பெண் கிடைத்தால் நிதானம் முன்னால் நிற்பாள், இடம் அவளுக்கு. பட்டாசுக்கு மட்டும் கிடைத்தால் பட்டாசுக்கு.

"இல்லம்மா. எனக்குத் தெரிஞ்சு யாரும் இல்ல" என்றார்.

பொய் சொல்வது அவருக்குப் புதிதல்ல. மோட்டார் நாளைக்குத் தயாராகிவிடும் என்று தினமும் சொல்கிற வாய்தான். ஆனால் இந்தப் பொய் அவரோடேயே படியிறங்கி வந்தது. பெற்றவன் தன் பிள்ளையைப் பார்க்காமல் வேறு யாரைப் பார்ப்பான் என்று பேருந்து முழுக்கத் தனக்குத் தானே சொல்லிக்கொண்டு வந்தார். நியாயம் அவ்வளவு நியாயமாக இருந்தால் அத்தனை தடவை சொல்லிக்கொள்ள வேண்டியிருக்காது.

கடைக்கு வந்ததும் இருவரிடமும் கேஸ் போடப்போவதைச் சொன்னார். நிதானம் வழக்கம்போல் கொஞ்ச நேரம் யோசித்துவிட்டுக் கேட்டாள்.

"மாமா, எனக்கும் பொருந்துமா?"

"உனக்கு எப்படிம்மா? நீதான் தொடாம விட்டுட்டியே. விட்டவங்களுக்குக் கேஸ் கிடையாது. எழுதி மார்க் போனவங்களுக்குத்தான்."

இதைச் சொல்லும்போது குனிந்து ஒரு போல்ட்டை முறுக்கிக்கொண்டிருந்தார். ஏற்கெனவே முறுக்கின போல்ட்தான்.

"ஓ" என்றாள் நிதானம். மாமா சொன்னால் அப்பீல் ஏது? பழைய பேரிங் பெட்டியின் அட்டையைக் கிழித்து, அதில் படத்தை அழகாக வரைந்து, புள்ளி இருக்க வேண்டிய இடத்தைச் சிவப்பில் வட்டமிட்டுக் கொடுத்தாள். "வக்கீலம்மாவுக்குப் புரியலேன்னா இதைக் காட்டுங்க. பட்டாசு வேகவேகமாச் சொன்னா அவங்களுக்குத் தலை சுத்தும்." பட்டாசு அவள் தலையில் ஒரு குட்டு வைத்தாள். இருவரும் சிரித்தார்கள். மோட்டார்க்காரரும் சிரித்து வைத்தார்.

அந்த அட்டைதான் மனுவுக்கு அடிப்படை. வக்கீலம்மா அதைப் பார்த்ததும், "யார் போட்டது, இவ்வளவு தெளிவா இருக்கே?" என்றார். "வீட்லதான்" என்று பூசி மெழுகினார் மோட்டார்க்காரர். ஒரு இடத்தை நிரப்பாமல் வைக்கும்படி இடைக்கால உத்தரவு கிடைத்தது. நீதிமன்றம் நியமித்த இரண்டு பேராசிரியர்கள், அச்சான படத்துக்கு நாலு விடையும் பொருந்தாது என்று எழுதிக் கொடுத்தார்கள். எல்லாம் கச்சிதமாகப் போய்க்கொண்டிருந்தது.

கடைசி விசாரணைக்கு முந்தின வாரம் தங்கை அளவு நாடாவோடு வந்து நின்றாள்.

"கோர்ட்டுக்கும் இந்த கிரீஸ் சட்டையிலயா போவ? கையைத் தூக்கு. மூச்சை இழுத்துப் பிடிக்காதண்ணா, உன் தொப்பை எனக்குத் தெரியாததா?"

"எதுக்கும்மா இதெல்லாம்?"

"பட்டாசுக்குக் கிடைச்சா எனக்குக் கிடைச்ச மாதிரி. ஒண்ணா படிச்சதுல ஒண்ணாவது உள்ள போகட்டும்." நாடாவைக் கழுத்தைச் சுற்றிப் போட்டுப் பார்த்தாள். "என் வீட்டுக் கழுதை எல்லாத்தையும் யோசிச்சு யோசிச்சு விட்டுட்டு வந்துடுச்சு. நிதானமும் ஒரு வியாதிதான் போல."

கழுத்தில் நாடா கிடக்க, மோட்டார்க்காரர் சுவரைப் பார்த்தார். சுவரில் நிதானம் போட்ட கரிப்படம் இன்னும் இருந்தது. இப்போதுகூடச் சொல்லிவிடலாம் என்று நினைத்தார். சொல்லவில்லை. தங்கை அளவை வாய்க்குள் முணுமுணுத்தபடியே போய்விட்டாள்.

அந்தச் சட்டையைத்தான் நீதிமன்றத்துக்குப் போட்டுக்கொண்டு போனார்.

வாரியத்தின் வக்கீல் நெடுநெடுவென்று வளர்ந்த மனிதர், குரலில் ஒரு கிண்டல் எப்போதும் இருந்தது. கேள்வி தப்பு என்பதை அவரால் மறுக்க முடியவில்லை. அதனால் வேறு வழியில் வந்தார்.

"ஐயா, கேள்வியில பிழை இருக்கலாம். ஆனா இந்த மனுதாரர் அந்தப் பிழையால பாதிக்கப்படல. பிழையைக் கண்டுபிடிச்சவங்களா இருந்தா கேள்வியை விட்டிருப்பாங்க. இவங்க குருட்டாம்போக்குல ஒண்ணைக் குறிச்சிருக்காங்க, அது தப்பாப் போச்சு. புள்ளி இருந்திருந்தாலும் இவங்க தப்பாத்தான் குறிச்சிருப்பாங்க."

நீதிபதி கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "மனுதாரர் வந்திருக்காங்களா?"

பட்டாசு எழுந்து நின்றாள்.

"பயப்படாம சொல்லும்மா. படத்துல தப்பு இருக்குன்னு உனக்கு எப்பத் தெரிஞ்சது?"

ஒரு வார்த்தை போதும். தேர்வு அறையிலேயே தெரிந்தது, குழம்பிப்போய் எதையோ குறித்தேன் என்று சொன்னால் முடிந்தது. மனுவிலும் ஏறக்குறைய அப்படித்தான் எழுதியிருந்தது. மோட்டார்க்காரர் பெஞ்சின் விளிம்பைப் பிடித்துக்கொண்டார். சொல்லு கண்ணு, சொல்லிடு.

வாழ்க்கையில் முதல் தடவையாகப் பட்டாசு யோசித்துவிட்டுப் பேசினாள்.

"எனக்குத் தெரியல ஐயா. வீட்டுக்கு வந்தப்புறம் என் அத்தை பொண்ணு சொல்லித்தான் தெரியும். அவ அங்கேயே கண்டுபிடிச்சு விட்டுட்டு வந்தா. அந்தப் படம்கூட அவ போட்டதுதான்."

நீதிமன்றத்தில் ஒரு சின்ன சலசலப்பு. வாரிய வக்கீல் முகம் மலர்ந்தது.

நீதிபதி அவரைக் கவனிக்கவில்லை. "அப்ப நெஜமாப் பாதிக்கப்பட்டது அந்தப் பொண்ணுதானே? அவங்க ஏன் வரல?"

"விட்டவங்களுக்குக் கேஸ் கிடையாதாம் ஐயா. அப்பா சொன்னாங்க."

நீதிபதி வக்கீலம்மாவைப் பார்த்தார். "நீங்க அப்படி ஆலோசனை சொன்னீங்களா?"

"இல்லைங்க ஐயா." வக்கீலம்மாவின் குரல் இறங்கிப்போனது. "வேற யாராவது இருக்காங்களான்னு நான் கேட்டேன். இல்லைன்னு சொன்னாங்க."

பட்டாசு திரும்பி அப்பாவைப் பார்த்தாள். அவளோடு சேர்ந்து அந்த அறையே திரும்பிப் பார்த்தது. அந்த ஒரு பார்வையில் மகளுக்கு எல்லாம் புரிந்துபோனதை மோட்டார்க்காரர் கண்ணெதிரே பார்த்தார். எழுந்திருக்கச் சொல்லாமலே எழுந்து நின்றார். அவர் முகத்தில் ஈயாடவில்லை.

"அந்தப் பொண்ணு உங்களுக்கு என்ன வேணும்?" என்று கேட்டார் நீதிபதி.

"தங்கச்சி பொண்ணுங்க."

ஏதாவது திட்டுவார் என்று காத்திருந்தார். நீதிபதி திட்டவில்லை. "உக்காருங்க" என்று சொல்லிவிட்டு எழுதத் தொடங்கினார். உட்காரும்போதுதான் புதுச் சட்டையின் தோள் எவ்வளவு கச்சிதமாகப் பொருந்தியிருக்கிறது என்பது அவருக்கு உறைத்தது. கட்டைவிரலைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்தார். காதுமடல் நெருப்பாகச் சுட்டது. அப்படியே அந்தத் தரை பிளந்து உள்ளே போய்விட்டால் தேவலை என்றிருந்தது.

தீர்ப்பு அன்றே சொல்லப்பட்டது. கேள்வி பிழையானது. தேர்வு எழுதியவர் நிதானமாகப் படித்துக் கேள்வியைத் தொடாமல் விட்டிருந்தாலும், அவசரத்தில் தவறாகக் குறித்திருந்தாலும், பிழை வாரியத்தின் பிழைதான். கேட்டு வந்தவருக்கு மட்டும் நிவாரணம் என்றால், கேட்கத் தெரியாதவரும் கேட்க விடப்படாதவரும் தண்டிக்கப்பட்டதாக ஆகும். ஆகவே அந்தக் கேள்விக்கு மதிப்பெண் கிடைக்காத எல்லாருக்கும் அது தரப்பட வேண்டும். ஏற்கெனவே சேர்ந்தவர்களைத் தொந்தரவு செய்யக் கூடாது. நிறுத்தி வைத்த இடம், வெளியே நிற்பவர்களில் இப்போது யார் முன்னால் வருகிறாரோ அவருக்கு.

'கேட்க விடப்படாதவர்' என்று வாசித்தபோது நீதிபதி தலை நிமிரவில்லை. நிமிர்ந்திருந்தால்கூடப் பரவாயில்லை என்று மோட்டார்க்காரருக்குத் தோன்றியது.

வெளியே தாழ்வாரத்தில் வக்கீலம்மா நின்றார். கோபத்தை அடக்கிக்கொண்டு பேசினார். "ஒரு மனுவுக்கு ஒரு இடம் நிறுத்தலாம்னு அன்னிக்கே சொன்னேனே. அந்தப் பொண்ணையும் கூட்டிட்டு வந்திருந்தா ரெண்டு மனு போட்டு ரெண்டு இடம் கேட்டிருப்பேன். கிடைச்சிருக்கும்னு சொல்லல. கேட்டாவது இருப்பேன்."

மோட்டார்க்காரர் சுவரைப் பிடித்துக்கொண்டார். அன்றைக்கு அந்த அறையில் இடம் ஒன்றுதான் என்று அவராகவே முடிவு கட்டி, அவராகவே அதைப் பறித்து வைத்துக்கொண்டார். இரண்டுக்கு வழி இருக்கிறதா என்று ஒரு வார்த்தை கேட்கவில்லை. யார் வீட்டிலும் காபி கேட்டுக் குடிக்கிற மனிதர், கேட்க வேண்டிய இடத்தில் கேட்காமல் வந்துவிட்டார்.

பேருந்தில் பட்டாசு அவர் பக்கத்தில் உட்காரவில்லை. முன்னால் போய் உட்கார்ந்தாள். இறங்குகிற இடம் வந்தபோதுதான் பேசினாள்.

"அவளுக்கு ஒரு சந்தேகம் இருந்துக்கிட்டே இருந்துச்சுப்பா. நெஜமாவே எனக்குப் பொருந்தாதான்னு என்கிட்ட கேட்டுட்டே இருந்தா. நான் நீங்க சொன்னதையே திருப்பித் திருப்பிச் சொன்னேன். என்னையும் பொய் சொல்ல வச்சிட்டீங்க."

இடம் நிதானத்துக்குக் கிடைத்தது. அது தெரிந்த அன்று மோட்டார்க்காரர் கடையை விட்டு நகரவில்லை. சட்டையைத் துவைத்து, மடித்து, ஒரு பையில் போட்டு வைத்திருந்தார். அதை எதற்கு வைத்திருக்கிறோம் என்று அவருக்கே தெரியவில்லை. திருப்பிக் கொடுக்கவா? தைத்த சட்டையை எப்படித் திருப்பிக் கொடுப்பது?

தங்கையே வந்தாள். ஸ்டூலை இழுத்துப் போட்டு உட்கார்ந்தாள்.

"நான் ஒண்ணு சொல்லணும்மா" என்று ஆரம்பித்தார். "அந்த வக்கீலம்மா கேட்டப்ப நான்..."

"தெரியும். பட்டாசு அன்னிக்கே வந்து அழுதுட்டுப் போயிட்டா."

அவர் தலையைக் குனிந்துகொண்டார். "நாலு வார்த்தை திட்டிடும்மா."

"திட்டினா உனக்கு நல்லாத் தூக்கம் வந்துடும். திட்ட மாட்டேன்." தங்கை அவர் முகத்தை நேராகப் பார்த்தாள். "உன் கழுத்தளவு எடுத்தப்ப நான் என்ன பேசினேன்னு ஞாபகம் இருக்கா? அப்பக்கூட உனக்கு வாய் வரல. அத நெனச்சாத்தான்ணா எனக்கு ஆற மாட்டேங்குது."

அவர் சட்டை இருந்த பையை எடுத்து அவள் பக்கம் நகர்த்தினார்.

"தெருவுல எல்லாரும் கேட்டாங்க, எப்படிக் கிடைச்சுதுன்னு. என் அண்ணன் கோர்ட்டுக்குப் போய் வாங்கிக் கொடுத்தான்னு சொல்லியிருக்கேன். அவன் பொண்ணைக்கூட ரெண்டாவதா வச்சுட்டான்னு சொல்லியிருக்கேன். நிதானத்துக்கிட்டயும் சொல்லிட்டேன், யார் கேட்டாலும் இதான் பதில்னு. நீ அதை மாத்திச் சொல்லி என்னைப் பொய்க்காரி ஆக்கிடாத." எழுந்து புடவையைத் தட்டிவிட்டுக்கொண்டாள். "சட்டையை எடுத்துப் போட்டுக்கோ. நல்ல துணி அது."

அதற்குப் பிறகு தெருவில் மோட்டார்க்காரரின் மதிப்பு எங்கோ உயரத்துக்குப் போய்விட்டது. மோட்டார் கொண்டுவருகிறவர்கள் எல்லாம், இந்தக் காலத்தில் இப்படியும் ஒரு அண்ணனா என்று ஆரம்பித்துவிடுவார்கள். அவர் குனிந்து காயில் சுற்றுவார். இவ்வளவு பெரிய காரியம் செய்துவிட்டு இப்படிக் கூச்சப்படுகிறாரே என்று அதற்கும் ஒரு பாராட்டு விழும். யார் வீட்டிலும் அவர் இப்போது காபி கேட்பதில்லை.

பட்டாசு அடுத்த வருஷத் தேர்வுக்காக அதே மேசையில் படிக்கிறாள். மாலையில் கல்லூரி விட்டதும் நிதானம் வந்து சொல்லிக் கொடுக்கிறாள். ஒருநாள் பள்ளிக்கூட வாத்தியார் ஒருவர் தன் பம்பை எடுத்துப்போக வந்தார். வந்த வேலையை விட்டுவிட்டு, தங்கை மகளுக்காக மோட்டார்க்காரர் நீதிமன்றப் படியேறின கதையை அவரிடமே சொல்லி, "உங்களைப் பத்தி வகுப்புல பசங்ககிட்ட சொன்னேன்" என்றார்.

மோட்டார்க்காரர் பின்பக்கம் பார்த்தார். இரண்டு பெண்களும் குனிந்து எழுதிக்கொண்டிருந்தார்கள். பட்டாசின் பேனா நின்றது. இப்போது அவள் ஏதாவது சொல்லிவிட்டால் நன்றாக இருக்கும் என்று அவர் ஏங்கினார்.

நிதானம்தான் தலை நிமிர்ந்தாள். கொஞ்சம் யோசித்தாள்.

"ஆமா சார்" என்றாள். "மாமாதான் போனாங்க."